பேரு ஒட்டாத பொண்ணு

ரொம்ப ரொம்ப முன்னாடி, காக்கா கறுப்பாகலாமா வேண்டாமான்னு யோசிச்சுக்கிட்டிருந்த காலத்துல, பூவரச நாடுன்னு ஒரு நாடு இருந்துச்சு. அந்த நாட்டு ராசாவுக்குக் குடை பிடிக்கிறவர் சடையப்பன். நல்ல மனுசன். புலிக்குப் பயப்பட மாட்டார். இடிக்குப் பயப்பட மாட்டார். ராசாவுக்கே பயப்பட மாட்டார். அவர் பயப்படறது மூணே மூணு பேருக்கு. மூணும் அவரோட அக்காங்க.

மூத்தவ வெள்ளாயி. பேசினா சங்கு ஊதின மாதிரி இருக்கும். நடுவுல ராக்காயி. அவ பேசறது மொத்தமும் மூக்கு வழியா வரும், வாய்க்கு வேலையே கிடையாது. கடைசி சின்னாயி. "மோர் இருக்கா"ன்னு கேக்கறதுக்கே அழுதுருவா.

சடையப்பனுக்கும் அவர் சம்சாரம் காத்தாயிக்கும் ஒரு பொண்ணு பொறந்துச்சு. அந்த நாட்டு வழக்கம் என்னன்னா, பேரு வைக்கிற அன்னிக்கு அத்தைக்காரி தொட்டிலுக்குள்ள குனிஞ்சு, பிள்ளை காதுல மூணு தடவை பேரைச் சொல்லணும். அப்பத்தான் பேரு ஒட்டும். மாவிளக்கு இல்லாட்டிப் பரவாயில்ல, மேளம் இல்லாட்டிப் பரவாயில்ல, காதுல மூணு தடவை விழுந்தாகணும்.

ஒரு அத்தை இருந்தா ஒரு பேரு. இங்க மூணு அத்தை இருக்காங்களே!

"நான் மூத்தவ! வெள்ளாயின்னு எம் பேருதான் வைக்கணும்!" சங்கு.

"ங்ஙான் பெத்த பிள்ளை மாதிரி ங்ஙினைக்கிறேன். ராக்காயின்னுதான் வைக்கணும்." மூக்கு.

"எனக்குன்னு யாரு இருக்கா... சின்னாயின்னு... வைக்கக் கூடாதா..." கண்ணீர்.

சடையப்பன் யாரைப் பாத்தாரு? குடையைப் பாத்தாரு. அதை விரிச்சுப் பிடிச்சுக்கிட்டு, வீட்டுக்குள்ளயே அதுக்கடியில நின்னுக்கிட்டார்.

மூணு பேரும் ஒரே நேரத்துல தொட்டிலுக்குள்ள தலையை விட்டாங்க. மூணு பேரும் ஒரே நேரத்துல மூணு தடவை சொன்னாங்க. பிள்ளை காதுக்குள்ள என்ன போச்சுன்னு அந்தப் பிள்ளைக்கே தெரியல. ஒரு பேரு மேல இன்னொரு பேரு விழுந்து, அதும் மேல இன்னொண்ணு விழுந்து, மூணும் வழுக்கிக்கிட்டுக் கீழ போயிருச்சு. ஒண்ணுகூட ஒட்டல.

அன்னியிலேர்ந்து வீட்டுல அந்தப் பொண்ணைப் பேரு சொல்லிக் கூப்பிட ஒருத்தருக்கும் தைரியம் இல்ல. ஒரு பேரைச் சொன்னா ரெண்டு அத்தை சண்டைக்கு வருவாங்க. அதனால "இந்தா", "ஏ புள்ள", "உன்னத்தான்". நானும் என்ன செய்ய, "பொண்ணு"ன்னே சொல்லிக்கிட்டுப் போறேன். கோவிச்சுக்காதீங்க.

பொண்ணு வளந்தா. தெருவுல யாராச்சும் "உன் பேரு என்னம்மா?"ன்னு கேட்டா, "இன்னும் முடிவாகலீங்க"ம்பா. கேட்டவங்க குழம்பிப் போயிருவாங்க. அவளும் குழம்பிப் போயிருவா. "உன்னத்தான்"ன்னு தெருவுல யார் யாரைக் கூப்பிட்டாலும் திரும்பிப் பாப்பா. பாதி நாள் கழுத்துச் சுளுக்கு.

ஒருநாள் அம்மா காத்தாயி அவளுக்குத் தலை பின்னி விட்டுக்கிட்டே மெல்லச் சொன்னா. "இந்தா பாரு கண்ணு. உனக்கு நான் ஒரு பேரு வச்சிருக்கேன். மனசுக்குள்ள. நீ வயித்துல இருக்கும்போதே வச்சது."

"என்ன பேரும்மா? சொல்லும்மா!"

"இப்பச் சொன்னா உங்க அத்தைங்க என்னை ஊறுகா போட்டுருவாங்க. நீ கல்யாணமாகிப் போற அன்னிக்குச் சொல்றேன்."

"அதுவரைக்கும்?"

"அதுவரைக்கும் எனக்குத் தெரியுமில்ல? போதும் போ."

பொண்ணுக்கு அன்னிக்கு ராத்திரி சோறு இறங்கல. பேரு இருக்கு. ஆனா இல்ல. இருக்கு. ஆனா எங்கிட்ட இல்ல. இது என்னடா கூத்துன்னு விட்டத்தைப் பாத்துக்கிட்டே தூங்கிட்டா.

அப்பத்தான் அந்த நாட்டுக்குப் பேருமுழுங்கி வந்தான்.

பாக்க எப்படி இருப்பான்? காலு ரெண்டும் கொக்குக் காலு. வயிறு மட்டும் திருவிழா அண்டா. அந்த வயித்துக்குள்ளேர்ந்து சந்தை கூடின மாதிரி எந்நேரமும் சத்தம் வரும். எல்லாம் அவன் முழுங்கின பேருங்க. சந்தையில ஒரு ஓரமா நின்னு காதைத் தீட்டிக்குவான். யாராவது யாரையாவது கூப்பிட்டா பேரைப் பிடிச்சுக்குவான். அப்புறம் பக்கத்துல போய், தேன் மாதிரி குரல்ல, "மாடசாமீ..."

"என்ன?"

அவ்வளவுதான்! அந்த "என்ன"வோட சேர்ந்து பேரும் வாயிலேர்ந்து பறந்து வந்துரும், ஈசல் மாதிரி. லபக்! முழுங்கிருவான். பேரு போனவன் அங்கயே நின்னு, தன் கையைத் தானே திருப்பித் திருப்பிப் பாத்து, "இது யார் கை?"ன்னு கேப்பான்.

மொதல்ல சந்தை போச்சு. அடுத்து தெரு போச்சு. அப்புறம் அரண்மனையே போச்சு. ராசா பேரு எப்படித் தெரிஞ்சதுன்னு கேக்கறீங்களா? அதைத்தான் கட்டியங்காரன் தினம் காலையில தொண்டை கிழியக் கத்தறானே! "ராசாதிராச, வீரப்பிரதாப, பகைவர் நடுங்கும், புலவர் வணங்கும், ஏழு கடலும் எட்டிப் பாக்கும், பூவரச நாட்டு நெடுமுடி மகாராசா!" பேருமுழுங்கி ஒரு எழுத்து விடாம சொல்லிக் கூப்பிட்டான். ராசா "என்ன?"ன்னாரு. பேரு பறந்து வந்துச்சு, வந்துச்சு, வந்துக்கிட்டே இருந்துச்சு. அவ்வளவு நீளம்! முழுங்கினவனுக்கு அது தொண்டையில குறுக்கால மாட்டிக்கிச்சு.

"விக்!"

விக்கல் பிடிச்சுக்கிச்சு. தண்ணி குடிச்சான், "விக்!" மூச்சை அடக்கினான், "விக்!" தலைகீழா நின்னான், "விக்!" மாயக்காரனுக்கே வைத்தியம் ஒண்ணுதான் தெரியும். இன்னொரு பேரை மேல போட்டு அமுக்கி உள்ள தள்ளணும். ஆனா நாட்டுல மிச்சம் பேரு ஏது?

பொண்ணு அன்னிக்கு வெளியூர்ச் சுனையில தண்ணி எடுத்துக்கிட்டுத் திரும்பி வந்தா. வந்து பாத்தா ஊரே கோளாறா இருக்கு. காய்கறிக் கடையில பூசணிக்காய்ங்களுக்கு நடுவுல ராசா உக்காந்திருக்காரு. ஒருத்தி வந்து அவர் தலையைத் தட்டிப் பாத்து, "முத்தலா இருக்கே"ன்னுட்டுப் போறா. ராசா பக்கத்துப் பூசணிக்காய்கிட்ட, "நம்மளைத்தான் சொல்றாங்களா?"ன்னு கேக்கறாரு. சேனாபதி தன் நிழலைப் பாத்து "உத்தரவு"ன்னு கும்பிட்டுக்கிட்டிருக்கார். அறுபது வருசம் குடும்பம் நடத்தின கிழவனும் கிழவியும் "தங்களுக்கு எந்த ஊரு?"ன்னு கேட்டு வெக்கப்பட்டு நிக்கறாங்க. அவளோட அப்பா சடையப்பன் ஒரு எருமைக்குக் குடை பிடிச்சுக்கிட்டுப் போறாரு.

பொண்ணு குடத்தைப் போட்டுட்டு ஓடினா. வீட்டுக்குள்ள அடுப்படியில அம்மா நிக்கறா. அப்பாடா!

"அம்மா! ஊருக்கு என்னம்மா ஆச்சு?"

காத்தாயி திரும்பிப் பாத்தா. சிரிச்சா. வீட்டுக்கு வந்த வேத்தாளைப் பாத்துச் சிரிக்கிற சிரிப்பு.

"வாங்க. யாரைத் தேடி வந்தீங்க? வெயில்ல வந்திருப்பீங்க போல. தண்ணி தரட்டுமா?"

பெத்த அம்மா "வாங்க"ன்னுட்டா! சொம்புல தண்ணி வேற கொண்டு வந்து நீட்டறா. பொண்ணு அதை வாங்கிக்கிட்டு, குடிக்கவும் முடியாம, திருப்பிக் குடுக்கவும் முடியாம அப்படியே நின்னா.

அந்த நேரம் பாத்து வாசல்ல, "விக்! ஏ பொண்ணே! நீ சுத்தமா... விக்... கலங்காம இருக்கியே! உன் பேரு இன்னும் உங்கிட்டதான் இருக்கு!"

பேருமுழுங்கி! அத்தைங்க மூணு பேரும் கொல்லையில இருந்தாங்க. அவங்க மட்டும் எப்படித் தப்பிச்சாங்க? அவங்க பேசிக்கிட்டே இருந்ததுல, அவன் கூப்பிட்டதே அவங்க காதுல விழலையாம்.

அவன் தெருவுல எங்கயோ கேட்டு வச்சிருந்தான், இந்த வீட்டுப் பொண்ணு பேரு வெள்ளாயி, ராக்காயி, சின்னாயி மூணுல ஒண்ணுன்னு. தேன் குரல்ல கூப்பிட்டான். "வெள்ளாயீ..."

பொண்ணு பேசாம நின்னா. மூச்சு வாங்கப் பேச்சை நிறுத்தியிருந்த கொல்லையிலேர்ந்து சங்கு ஊதுச்சு. "என்னாங்கறேன்!" லபக்! மூத்த அத்தை போச்சு.

"அது இல்லையா? ராக்காயீ..."

பொண்ணு பேசல. "ங்ஙென்ன?"ன்னு ஒரு மூக்கு வந்துச்சு. லபக்!

"அதுவும் இல்லையா? சின்னாயீ..."

"என்ன... என்னைக்கூட... கூப்பிடுறாங்களா..." லபக்!

ஒரு பேரு முழுங்கினா விக்கல் நிக்கும்னு நினைச்சான். மூணு முழுங்கியும் நிக்கல. அக்கா தங்கச்சி மூணும் உள்ள போயும் சண்டை போட்டுக்கிட்டு, ஒண்ணை ஒண்ணு கீழ விடல. விக்கல் இன்னும் பலமாச்சு. "விக்! விக்! விக்!"

"பொண்ணே," அவன் குரல்ல இப்பத் தேன் இல்ல, கெஞ்சல்தான். "உன் பேரைச் சொல்லித் தொலையேன்!"

"எனக்கே தெரியாதுங்க."

"பேரு தெரியாத பொண்ணு உண்டா?"

"நான் இருக்கேனே. உங்க பேரு என்னங்க?"

அவன் முழிச்சான். "பேருமுழுங்கி."

"அது நீங்க செய்யற வேலை. பேரு?"

வயித்தைத் தடவிப் பாத்தான். "எனக்கு யாரும் வைக்கல," அப்படின்னான். "விக்."

பொண்ணுக்கு அந்த நிமிசம் அவன் மேல கோவமா, பாவமான்னே புரியல. ஆனா அம்மா பக்கத்துல நின்னு, அவளைக் காட்டி அவன்கிட்ட, "இவங்க உங்களுக்குச் சொந்தமா?"ன்னு பணிவா கேட்டா பாருங்க, அப்பப் புரிஞ்சுருச்சு. எப்படியாவது அம்மா திரும்பி வரணும். வேற ஒண்ணும் வேண்டாம்.

"எனக்கு ஒரு பேரு இருக்குங்க," பொண்ணு சொன்னா. "ஆனா எங்கம்மாவுக்கு மட்டும்தான் தெரியும். எங்கம்மா பேரைத் துப்புங்க. அவங்களுக்கு ஞாபகம் வரும். நான் கேட்டு உங்களுக்குச் சொல்றேன்."

"ஏமாத்தினே..."

"ஏமாத்தினா அம்மா பேரை மறுபடி முழுங்கிக்கங்க. உங்களுக்கென்ன, வாய் பக்கத்துலயேதானே இருக்கு?"

அவனுக்கு நியாயமாப் பட்டுச்சு. வயித்தை அமுக்கினான். "க்ஹா!" ஒரு எருமையோட பேரு வந்துச்சு. அது இல்ல. உள்ள போட்டான். "க்ஹா!" சமையக்காரர் பேரு. அதுவும் இல்ல. "க்ஹா!" பளபளன்னு சின்னதா ஒரு ஈசல் பறந்து வந்து, நேரா காத்தாயி வாய்க்குள்ள போச்சு.

காத்தாயி கண்ணைக் கொட்டினா. கையிலிருந்த கரண்டியைப் பாத்தா. பொண்ணைப் பாத்தா.

"ஏன்டி இவ்வளவு நேரம்? சாப்டியா?"

பொண்ணு அப்படியே போய்க் கட்டிக்கிட்டா. அழுதுக்கிட்டே எல்லாத்தையும் சொன்னா. அழுதுக்கிட்டே கேட்டா. "அம்மா, அந்தப் பேரைச் சொல்லும்மா. சத்தமா வேண்டாம். முறைப்படி சொல்லு."

"அத்தைங்கதானே சொல்லணும்?"

பொண்ணு கொல்லைப் பக்கம் காட்டினா. மூணு அத்தையும் உக்காந்து, "நீங்க முதல்ல", "இல்லைங்க நீங்க முதல்ல"ன்னு ஒருத்தருக்கொருத்தர் மரியாதையா இடம் விட்டுக்கிட்டிருந்தாங்க. காத்தாயி அதை ஒரு நிமிசம் ரசிச்சுப் பாத்தா. அப்புறம் பொண்ணு காதுல குனிஞ்சு, ஒரு தடவை, ரெண்டு தடவை, மூணு தடவை சொன்னா.

ஒட்டிருச்சு!

அது எப்படி இருந்துச்சுன்னு எப்படிச் சொல்றது? இத்தனை நாளும் அடுத்தவங்க செருப்பைப் போட்டு நடந்தவளுக்கு, தன் காலுக்குன்னு அளவெடுத்துத் தச்சது கிடைச்ச மாதிரி. பொண்ணு நின்ன இடத்துலயே நிமிந்து நின்னா.

"விக்! ஆச்சா? குடு!"

பொண்ணு அவனைப் பாத்தா. அம்மாவைப் பாத்தா. தெருவுல எருமைக்குக் குடை பிடிக்கிற அப்பாவைப் பாத்தா. இப்பதான் கிடைச்சுது. இன்னும் ஒரு ஆளு அந்தப் பேரைச் சொல்லி ஒரு வாய்த் தண்ணிகூடக் கேக்கல. அதுக்குள்ள குடுக்கணும்.

"காதைக் குடுங்க," அப்படின்னா.

"எனக்கு வாய்லதான் வேணும்!"

"எங்க நாட்டுல பேரு காது வழியாத்தான் உள்ள போகும். முறை தெரியாதா உங்களுக்கு? எத்தனை பேரை முழுங்கியிருக்கீங்க, ஒரு பேரு வைக்கிற வீட்டுக்காச்சும் போயிருக்கீங்களா?"

"யாரும்... விக்... கூப்பிடல."

"அதான் தெரியல. குனிங்க."

கொக்குக் காலை மடக்கிக் குனிஞ்சான். பொண்ணு அவன் காதுல ஒரு தடவை சொன்னா. ரெண்டு தடவை சொன்னா. மூணாவது தடவை... வாய் வரல. காத்தாயி புரிஞ்சுக்கிட்டா. பொண்ணு என்ன செய்யப் போறாளுன்னு புரிஞ்சுக்கிட்டு, அவ கையைப் பிடிச்சுக்கிட்டா. பொண்ணு மூணாவது தடவையும் சொல்லி முடிச்சா.

பேருமுழுங்கிக்கு ஒரே குஷி. வயித்தைத் தட்டி, தொண்டையைக் கனைச்சு, தேன் குரல்ல அந்தப் பேரைக் கூப்பிட்டான்.

பொண்ணுக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துச்சு. பொறந்ததுலேர்ந்து மொத மொதல்ல ஒருத்தர் அவளைப் பேரு சொல்லிக் கூப்பிடறாங்க! "என்ன"ங்கற சொல்லு நாக்கு நுனி வரைக்கும் வந்துருச்சு. உதட்டைக் கடிச்சா. ரத்தம் வர்ற மாதிரி கடிச்சா. பேசல.

ஆனா யாரோ "என்ன?"ன்னாங்க.

பேருமுழுங்கி பின்னாடி திரும்பிப் பாத்தான். யாரும் இல்ல. மறுபடி கூப்பிட்டான்.

"என்ன?"

இந்தக் குரலு எங்கயோ கேட்ட குரலா இருக்கேன்னு யோசிச்சான். மேல பாத்தான். கீழ பாத்தான். மூணாவது தடவை கூப்பிட்டான்.

"என்ன?"

அது அவனோட வாய்தான்! காதுல மூணு தடவை விழுந்தா பேரு ஒட்டிருமே! பொறந்ததுலேர்ந்து பேரே இல்லாத ஆளு. மொத மொதல்ல ஒரு பேரு. அதைச் சொல்லிக் கூப்பிட்டா எப்படிப் பேசாம இருப்பான்? அவன் கூப்பிட்டான், அவனே பதில் சொன்னான், அவனே வாயைத் திறந்தான். லபக்!

தன் பேரைத் தானே முழுங்கிட்டான்.

விக்கல் நின்னுருச்சு. ஊரே அமைதியாச்சு. அவன் தன் கையைத் திருப்பித் திருப்பிப் பாத்தான். "இது யார் கை?" வயித்தைப் பாத்தான். "இது யார் வயிறு?" வாயை ஆன்னு திறந்தான். "நான் யா..."

திறந்த வாயிலேர்ந்து பேருங்க கிளம்புச்சு பாருங்க! மழை விட்ட சாயங்காலம் புத்துலேர்ந்து ஈசல் கிளம்புற மாதிரி குபுகுபுன்னு கிளம்பி, வானம் தெரியாம பறந்து, ஒவ்வொண்ணும் அதது வீட்டைத் தேடிப் போச்சு. கடைசியா வந்தது ராசாவோட பேரு. அது தலை காய்கறிக் கடைக்குப் போய்ச் சேர்ந்தப்பவும் வால் இங்க வாசல்லதான் இருந்துச்சு. வயிறு பூராவும் பேருதான் இருந்துச்சு போல. எல்லாம் போனதும் அங்க ஒண்ணுமே இல்ல. ஒரு சின்ன விக்கல் மட்டும் காத்துல மிதந்துச்சு. "விக்." அதுவும் போயிருச்சு.

அவன் காதுல ஒட்டின பேரு? பொண்ணு அதைத் தந்துட்டாளே, அது இப்ப அவனோடது; அவனோடயே போயிருச்சு. காத்தாயி பொண்ணைக் கூப்பிட வாயைத் திறந்தா, நாக்குல அந்தப் பேரு இல்ல. வயித்துல சுமந்தப்ப வச்ச பேரு, சுவடே தெரியல. பொண்ணுக்கும் ஞாபகம் இல்ல. அது என்ன பேருன்னு எங்கிட்டயும் கேக்காதீங்க. உலகத்துலயே இல்லாத பேரை நான் எங்க போய்த் தேடறது?

ராசா தலையில ஒட்டின பூசணிக்கொடியோட ஓடி வந்தாரு, பின்னாலேயே ஊரும். நடந்ததைக் கேட்டுட்டு ராசா சொன்னாரு, "பெண்ணே! நாட்டைக் காத்தாய்! உன் பெயர் என்ன?"

எல்லாரும் அவளையே பாத்தாங்க. பொண்ணு தலையைக் குனிஞ்சுக்கிட்டா.

"இருந்துச்சுங்க. தந்துட்டேன்."

ராசாவுக்குக் கண்ணு கலங்கிருச்சு. "எனக்கு நிறைய இருக்கிறதம்மா. பகைவர் நடுங்கும் என்பதை எடுத்துக்கொள்கிறாயா? ஏழு கடலும் எட்டிப் பார்க்கும்? அதுவும் நன்றாக இருக்கும்."

"வேண்டாங்க. மறுபடி யாருக்காச்சும் விக்கல் வரும்."

காத்தாயிக்கு என்ன தோணுச்சோ! நாத்தனாருங்க மூணு பேரையும் மறந்துட்டு, எல்லாருக்கும் நடுவுல பொண்ணு காதுல குனிஞ்சு மூணு தடவை சொன்னா. அப்புறம் நிமிந்து ஊருக்கே கேக்கற மாதிரி சொன்னா.

"தன்னோடதை ஊருக்குத் தந்தா எம் பொண்ணு. இவ பேரு தந்தாயி."

எல்லாரும் மெதுவா அத்தைங்க பக்கம் திரும்பினாங்க. சடையப்பன் குடையைத் தேடினாரு. அது எருமைகிட்ட இருந்துச்சு.

அத்தைங்க மூணு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கிட்டாங்க. வெள்ளாயி வாயைத் திறந்தா.

"நான் சொல்ல வந்ததும் இதேதான்!"

"ங்ஙான்தான் மொதல்ல ங்ஙினைச்சேன்!"

"நான்... மனசுல... எப்பவோ..."

மூணு பேருக்கும் அன்னிக்கு ஆரம்பிச்ச சண்டை இன்னும் முடியலைன்னு கேள்வி. பேரு என்னங்கறதுல சண்டை இல்ல. மொதல்ல நினைச்சது யாருங்கறதுலதான்.

ராசா ஒரு உத்தரவு போட்டாரு. நாட்டுல எந்த வீட்டுல பிள்ளைக்குப் பேரு வச்சாலும், அத்தைமாருக்கு முன்னாடி தொட்டில் பக்கத்துல தந்தாயிக்கு ஒரு பட்டுப் பாய் போடணும். ஒரே நேரத்துல ரெண்டு தலை உள்ள போனா அவ தடுக்கலாம். அவ தடுத்துட்டா ராசாவே ஆனாலும் வாயை மூடிக்கணும். அந்தப் பூவரச நாட்டுல அப்புறம் ஆயிரம் தந்தாயிங்க பொறந்தாங்க. "இது என்ன பேரு, இதுக்கு என்ன அர்த்தம்?"னு விருந்தாளி யாராவது கேட்டா, இந்தக் கதையை மொத்தமும் சொல்லியாகணும். அதுக்குள்ள குழம்பு ஆறிரும்.

சரி, அன்னிக்குச் சாயங்காலத்துக்கு வாங்க. கூட்டமெல்லாம் கலைஞ்சிருச்சு. பொண்ணு வாசல்ல நின்னு தெருவைப் பாத்துக்கிட்டிருந்தா. உள்ளேர்ந்து அம்மா குரல்.

"தந்தாயீ!"

அவ திரும்பல. யாரையோ கூப்பிடறாங்கன்னு நினைச்சு அக்கம் பக்கம் பாத்தா. தெருவுல ஒருத்தரும் இல்ல.

"தந்தாயீ! உன்னத்தான்டி!"

"என்ன?"

தெருக்கோடி வரைக்கும் கேட்டுச்சு அந்த "என்ன". அதுல எருமை மிரண்டு குடையோட ஓடிருச்சு.

"ஏன் இப்படிக் கத்தறே? சோறு வச்சிருக்கேன், வா."

"வரேம்மா. இன்னொரு தடவை கூப்பிடு."

"எதுக்கு?"

"சும்மாதான். கூப்பிடேன்."

அம்மா கூப்பிட்டா. பொண்ணு "என்ன?"ன்னா. மறுபடி கூப்பிட்டா. மறுபடி "என்ன?"ன்னா. கூப்பிட்டவளும் நல்லா இருந்தா, என்னன்னு கேட்டவளும் நல்லா இருந்தா, இவ்வளவு நேரம் உக்காந்து கேட்ட நீங்களும் நல்லா இருங்க. யாரோ உங்களைக் கூப்பிடறாங்க பாருங்க. என்னன்னு கேளுங்க, போங்க.